எங்க தமிழ் செக்ஷன்

தம்பி, இது ஜில்லா ஆபீசுக்குப் போற பஸ்தானே? அந்தப் போர்டைக் கொஞ்சம் பாத்துச் சொல்லுங்க. போகுமா? அப்பாடா. கொஞ்சம் தள்ளி உக்காருங்க, முட்டி மடங்க மாட்டேங்குது.

நீங்க தமிழா! போன்ல பேசினதைக் கேட்டதுமே நினைச்சேன். கோயம்புத்தூர் பக்கமா? பேங்க்ல வேலையா? நல்லது, நல்லது. வந்து ஒரு வருசம்கூட ஆகல, அதுக்குள்ள மலையாளம் படிக்கக் கத்துக்கிட்டீங்களா? ஏன் தம்பி, யாராவது அடிச்சாங்களா? சும்மா சொன்னேன், கோவிச்சுக்காதீங்க. நான் பொறந்ததே இந்த மலையிலதான். எங்கப்பா பொறந்ததும் இங்கதான். மலையாளம் நல்லாவே பேசுவேன், மலையாளத்துல சண்டையே போடுவேன். ஆனா படிக்க மாட்டேன். முடியாம இல்ல, கத்துக்க மாட்டேன். அது ஒரு வைராக்கியம். காடு வெட்டித் தேயிலை நட்டது நாங்க. அந்த மலையில ஓடுற பஸ்ல எங்க எழுத்து ஒண்ணுகூட இல்ல. அப்ப அவங்க எழுத்தை நான் எதுக்குப் படிக்கணும்? என்ன, சில தடவை பஸ் மாறி ஏறி எங்கெங்கயோ போய் இறங்கியிருக்கேன். போனாப் போகுது.

எம்பேரு ராசகனி. ஓடைமேட்டு எஸ்டேட்ல கொழுந்து கிள்ளுறேன். பொம்பளைங்க சங்கத்துக்கு நான்தான் தலைவி. ஓடைமேட்டுல வந்து கனியக்கான்னு கேட்டுப் பாருங்க, மேனேஜரே எந்திரிச்சு வழி சொல்லுவாரு.

மெதுவாத்தான் பேசணும். முன்னாடி டிரைவருக்குப் பின் சீட்டுல மஞ்சள் ஸ்வெட்டர் போட்டு உக்காந்திருக்கா பாருங்க. அவ பேரு மங்ரி. ஜார்க்கண்டுக்காரி. எங்க எஸ்டேட்டுல வேலைக்கு வந்தவ. அவளும் அதே ஆபீசுக்குத்தான் போறா. அவ கையில ஒரு மனு இருக்கு, எங்கையில ஒரு மனு இருக்கு. அவ மனு எடுபட்டுச்சுன்னா எங்க ஸ்கூல்ல தமிழ் போச்சு, அவ்வளவுதான். அதான் விடியக்காலையில எந்திரிச்சு, ஒரு வாய் கஞ்சிகூடக் குடிக்காம ஓடியாறேன். வந்து பாத்தா எனக்கு முன்னாடியே ஏறி உக்காந்திருக்கா. எனக்கும் சேத்து இடம் போட்டு வச்சிருந்தா தம்பி! பையைத் தூக்கிக்கிட்டு, "கனியக்கா, இங்க வாங்க"ன்னா. நான் மூஞ்சியைத் திருப்பிக்கிட்டு உங்க பக்கத்துல வந்து உக்காந்துட்டேன். என்ன தைரியம் பாருங்க.

முதல்ல இருந்து சொல்றேன், கேளுங்க. எங்க எஸ்டேட் ஸ்கூல்ல ரெண்டு செக்ஷன் உண்டு. மலையாளம் ஒண்ணு, தமிழ் ஒண்ணு. தமிழ் செக்ஷன் சும்மா வந்ததில்ல. எங்கம்மா காலத்துல வேலைக்குப் போகாம ரோட்டுல உக்காந்து வாங்கினது. நான் படிக்கறப்ப அந்த செக்ஷன் இன்னும் வரல, மலையாளம்தான். ஒரு சார் இருந்தாரு. தமிழ்ல ஒரு வார்த்தை வாயில வந்துட்டாப் போதும், பெஞ்சு மேல ஏத்தி விட்டுருவாரு. எல்லாப் புள்ளைங்களும் திரும்பிப் பாத்துச் சிரிக்கும். ஒண்ணுக்குப் போகணும்னு மலையாளத்துல கேக்கத் தெரியாம நான் பட்ட அவமானம் இருக்கே, அதை இப்ப நினைச்சாலும் எனக்கு உடம்பெல்லாம் கூசுது. நாலாம் கிளாஸோட போதும் சாமின்னு வந்துட்டேன், படிச்ச நாலு எழுத்தையும் அன்னைக்கே மறந்துட்டேன். ஒரு புள்ளைக்குத் தாய் பாஷையைப் பேசாதன்னு சொல்றது அதோட நாக்கைப் பிடிச்சு இழுக்குற மாதிரி தம்பி. அனுபவிச்சவங்களுக்குத்தான் தெரியும்.

இப்ப அந்தத் தமிழ் செக்ஷனுக்கு ஆபத்து வந்துருச்சு. போன வருசம் ஒரு ஆபீசர் வந்தாரு. தமிழ் பேசுற புள்ளைங்க கொறைஞ்சுக்கிட்டே போறாங்க, இப்படியே போனா இதை மூடிட்டு மிச்சம் இருக்கறதுங்களை மலையாளத்துல சேத்துருவோம்னு சொல்லிட்டுப் போயிட்டாரு. ஏன் கொறைஞ்சதுன்னு பாத்தா, எல்லாம் நம்ம சனத்தோட லட்சணம்தான். சர்ச்சுக்குப் பக்கத்துல வேன் வந்து நிக்குது, இங்கிலீஷ் ஸ்கூல் வேன். டை கட்டி, ஷூ மாட்டி அதுல ஏத்தி விடுறாங்க. எஸ்டேட் லைன் வீடுங்க இருக்கே, நான் ஒவ்வொரு லயமா, வீடு வீடாப் போய்க் கத்தினேன். "உங்களுக்கெல்லாம் சூடு சொரணை இல்லையா? நம்ம பாஷையை நாமளே காப்பாத்தலைன்னா யாருடி காப்பாத்துவா?"ன்னு கேட்டேன். மறுநாளும் அதே வேன்லதான் ஏத்தி விட்டாளுங்க. தமிழனுக்குத் தமிழ் மேல பற்று இல்ல தம்பி, அதான் கேடு.

எம் பேரனா? ரித்விக்னு பேரு. அவன் வேன்லதான் போறான். அவன் விசயம் வேற. எம் மகன் டவுன்ல டிரைவர், அவன் சம்பளத்துல படிக்க வைக்கிறான், நான் என்ன சொல்ல முடியும்? அதுவும் இல்லாம ரித்விக் படிப்புல கெட்டி. நாளைக்கு ஒரு நல்ல வேலைக்குப் போக வேண்டாமா? தமிழ் மீடியத்துல படிச்சா யாரு தம்பி வேலை குடுக்குறா? இங்கிலீஷ்ல அடிச்சு விடுவான் பாருங்க, மழை பெய்யுற மாதிரி. எனக்கு ஒண்ணும் புரியாது, ஆனா கேட்டுக்கிட்டே இருக்கலாம். தமிழ் பேசுவான். படிக்கத்தான் வராது. மருமக மலையாள மீடியத்துல படிச்சவ, அவளுக்கும் வராது. சரி, அதை விடுங்க.

நான் சும்மா இருக்கல. ஸ்கூல் கேட்டுல போய் உக்காந்தேன். சங்கத்துப் பொம்பளைங்க எல்லாம் வந்தாங்க. நான்தான் கோஷம் கட்டினேன். "கொழுந்து பறிக்க எங்க கை வேணும், எங்க பாஷை மட்டும் வேண்டாமா?" எப்படி இருக்கு? நானே யோசிச்சுக் கட்டினது. அன்னைக்கு இந்த ஜார்க்கண்டுப் பொம்பளைங்களும் வந்து உக்காந்தாளுங்க. யாரும் கூப்பிடல. கனியக்கா போறா, நாமளும் போவோம்னு வந்தாளுங்க போல. அப்பல்லாம் அவளுங்களுக்குத் தமிழ் அரைகுறை. கோஷத்தைத் தப்பும் தவறுமாச் சொல்லுவாளுங்க. முன்வரிசையில உக்காந்து தொண்டை கிழியக் கத்தினவ யாருன்னு நினைக்கிறீங்க? அதோ, மஞ்சள் ஸ்வெட்டர். நானே பக்கத்துல உக்காந்து ஒவ்வொரு வார்த்தையாச் சொல்லிக்குடுத்தேன். "பாஷைன்னா என்ன அக்கா?"ன்னு கேட்டா. "நீ உங்க வீட்டுல பேசுறல்ல, அது"ன்னேன். அப்பவே வாயை மூடிக்கிட்டு இருந்திருக்கணும்.

ஆபீசர் திரும்ப வந்தாரு. அடுத்த தடவை வரும்போது தமிழ்ப் புள்ளைங்க இத்தனை பேர் இருக்கணும், இல்லைன்னா ஒண்ணும் பண்ண முடியாதுன்னுட்டாரு. எங்ககிட்ட இருந்ததோ அதுல பாதிக்கும் கீழ. எஸ்தர் டீச்சர் இருக்காங்களே, தமிழ் செக்ஷன் டீச்சர், பாவம், மரத்தடியில நின்னு கண்ணைத் துடைச்சுக்கிட்டாங்க. அவங்க வேலையும் போயிரும்ல? நான் வீட்டுக்கு நடந்து வரேன். வழியில லயத்து வாசல்ல இந்த ஜார்க்கண்டுப் புள்ளைங்க. மண்ணுல விளையாடிக்கிட்டு, மூக்கை ஒழுக விட்டுக்கிட்டு, கும்பலா. ஸ்கூலுக்குப் போகாததுங்க. எனக்கு மண்டையில பளிச்சுன்னு விளக்குப் போட்ட மாதிரி ஆயிருச்சு. அடேயப்பா, புள்ளைங்க இங்க கொட்டிக் கெடக்கு, நான் வேன் வேனாத் துரத்திக்கிட்டு இருக்கேனேன்னு.

அன்னைக்கே அவளுங்க வீட்டுக்கெல்லாம் போனேன். புள்ளைங்களை ஸ்கூல்ல சேருங்க, மதியச் சோறு உண்டு, நான் பாத்துக்குறேன்னேன். எல்லாரும் சரின்னாளுங்க. இவ ஒருத்தி மட்டும் கேட்டா, "எந்த பாஷைல சொல்லித்தருவாங்க அக்கா?" தமிழ்லன்னேன். பொழைக்க வந்த ஊர்ல அந்த ஊரு பாஷையைக் கத்துக்கணும்ல, அதுதானே மரியாதைன்னேன். தலையை ஆட்டினா.

என்ன கேட்டீங்க? இந்த ஊரு பாஷை மலையாளம்தானேயா? அட, நீங்களும் ஆபீசர் மாதிரியே கேக்குறீங்களே! லயத்துல எது பேசுறோமோ அதுதான் தம்பி ஊரு பாஷை.

சேத்தது பெரிசில்ல. ஆபீசர் வந்து ஒவ்வொரு புள்ளையாக் கேப்பாருன்னு டீச்சர் சொன்னாங்க. வீட்டுல என்ன பேசுவேன்னு கேப்பாரு. தாய்மொழி தமிழா இருந்தாத்தான் தமிழ்ப் புள்ளைன்னு கணக்கு. அதனால சாயங்காலம் வேலை முடிஞ்சதும் புள்ளைங்களை எங்க வீட்டு முற்றத்துல உக்கார வச்சு நான் சொல்லிக்குடுத்தேன். "வீட்டுல என்ன பேசுவ?" "தமிழ்!" "உங்க பாஷை என்ன?" "தமிழ்!" "சத்தமா!" "தமிழ்!" முற்றமே அதிரும். யாரு நல்லாச் சொல்றாங்களோ அவங்களுக்கு பன். அவங்க பாஷையில பேசினா பன் கிடையாது. அடிக்கல தம்பி, ஒரு அடி அடிக்கல. எங்க சார் மாதிரி பெஞ்சு மேல ஏத்தவும் இல்ல. வாசலுக்கு வெளிய போய் நில்லுன்னு மட்டும் சொல்லுவேன். மத்ததுங்க பாத்துச் சிரிக்கும், அதுல தானா ரோசம் வந்து கத்துக்கும். கத்துக்கிச்சா இல்லையா? கெட்டியாக் கத்துக்கிச்சு.

மங்ரி மக ஒருத்தி இருக்கா, சோமாரின்னு பேரு. மூணாவது படிக்குறா. ஆரம்பத்துல அவதான் வாசல்லயே நிப்பா. வாயைத் திறந்தா அவ பாஷைதான். அப்புறம் என்ன ஆச்சோ, ஒருநாள் பிடிச்சா பாருங்க, பிடிச்ச பிடி. எனக்கே பதில் பேச முடியாது. "ஆச்சி, தேநீர்னு எழுதணும், டீன்னு எழுதக்கூடாது"ன்னு என்னையே திருத்துவா. எழுத்து முத்து முத்தா இருக்கும். எங்க வீட்டுல டிவியில செய்தி போட்டா, அதை வாசிக்கிற அம்மா பேசுற மாதிரியே நின்னு பேசிக் காட்டுவா. ரித்விக் வாயைப் பொளந்துக்கிட்டுப் பாப்பான். தினம் பள்ளிக்கூடம் விட்டா நேரா எங்க வீட்டுக்குத்தான். நான் வேலையில இருந்து வந்தா, சட்டியை அடுப்புல வச்சு, வெந்நி போட்டு வச்சிருப்பா. தங்கமான புள்ளை. அவ ஆத்தா மாதிரி இல்ல.

ஆபீசர் வந்த அன்னைக்கு நான் ஜன்னலுக்கு வெளிய நின்னு பாத்தேன். சாமியெல்லாம் கும்பிட்டாச்சு. ஒவ்வொண்ணா எந்திரிச்சுச்சு. "தமிழ்." "தமிழ்." "தமிழ்." சோமாரிகிட்ட வந்தப்ப அவரு சும்மா விடல, நீங்க எந்த ஊருன்னு கேட்டாரு. "ஓடைமேடு"ன்னா. அப்பா அம்மா எங்கேருந்து வந்தாங்கன்னாரு. "வேலையிலேருந்து"ன்னா! எனக்குச் சிரிப்பை அடக்க முடியல. அவருக்குப் புரியாம இருக்குமா? மனுசன் நம்மளைத் தெரியாதவரா என்ன? ஆனா எழுதிக்கிட்டாரு. தமிழ் செக்ஷன் தப்பிச்சுருச்சு. அன்னைக்கு நான் கேசரி கிண்டி ஸ்கூலுக்கே குடுத்தேன். எஸ்தர் டீச்சர் எங்கையைப் பிடிச்சுக்கிட்டு அழுதுட்டாங்க.

அழுதுட்டு, ஒண்ணு சொன்னாங்க. "கனியக்கா, இந்தப் புள்ளைங்க வீட்டுல பேசுறது இந்தி இல்ல தெரியுமா? குடுக்னு ஒரு பாஷை. அதுங்க ஊர்ல ஸ்கூல்ல இந்திதான். இந்தப் பாஷையைப் பேசினா அங்கயும் திட்டுவாங்களாம். நம்ம தமிழுக்குத் தங்கச்சி முறை வேணும் அது. பல்லுக்குப் பல்லுன்னேதான் சொல்றாங்க. கண்ணுக்கு ஏறக்குறைய கண்ணுன்னுதான் சொல்றாங்க." நான் ஆடிப்போயிட்டேன். "வந்து ரெண்டு வருசத்துல நம்ம வார்த்தையை எடுத்துக்கிட்டாளுங்களா?"ன்னேன். டீச்சர் தலையில அடிச்சுக்கிட்டாங்க. "ஐயோ அக்கா, ஆயிரக்கணக்கான வருசமா அவங்ககிட்டயே இருக்கு"ன்னாங்க. சரி, அப்படியே இருக்கட்டும். தங்கச்சின்னா அக்கா சொன்னதைக் கேக்கணும்ல? நான் கேக்குறது சரிதானே?

இந்த வளைவுல கம்பியைப் பிடிச்சுக்குங்க தம்பி. புதுசா வர்றவங்க இங்கதான் வாந்தி எடுப்பாங்க.

கண்டக்டரே, எனக்கு ஒரு ஜில்லா ஆபீஸ்... என்ன? எடுத்தாச்சா? யாரு எடுத்தா? பாத்தீங்களா தம்பி, எனக்கும் சேத்து டிக்கெட் எடுத்திருக்கா! இவளை யாரு கேட்டா? திரும்பிப் பாத்து சிரிக்க வேற செய்யுறா. இப்படி நல்லவ மாதிரி நடந்துக்கிட்டாத்தான் எனக்கு இன்னும் ஆத்திரம் வருது. சண்டைன்னா சண்டையாப் போடணும்.

எங்க விட்டேன்? ஆங். கேசரி குடுத்து ரெண்டு மாசம் இருக்கும். ஒருநாள் சாயங்காலம் இவ எங்க வீட்டுக்கு வந்தா. வாசல்லயே நின்னா. உள்ள வாடின்னேன், வரல. "கனியக்கா, சோமாரிக்கு என் பாஷை போயிருச்சு"ன்னா. எங்க போச்சு, தேடிப் பாருன்னு நான் விளையாட்டாச் சொன்னேன். அவ சிரிக்கல. இவளுக்கு மூத்தவ ஒருத்தி இருக்கா, புதினின்னு பேரு. அவளை ஊர்ல சித்தி வீட்டுல விட்டுட்டு வந்திருக்கா. கூட்டிட்டு வந்தா இங்க சோறு போட முடியாதுன்னு. ஞாயித்துக்கிழமை ஞாயித்துக்கிழமை போன்ல அக்காளும் தங்கச்சியும் பேசிக்குவாங்களாம். அக்கா குடுக்ல கேட்டா, இவ தமிழ்ல பதில் சொல்றாளாம். புரியுது, வாய்க்கு வர மாட்டேங்குதாம். வந்தாலும் பேச மாட்டேங்குறாளாம். அந்த மூத்தவ, தங்கச்சி நம்மளைக் கேலி பண்றான்னு நினைச்சுக்கிட்டுப் போனை வச்சுட்டாளாம். இப்ப ஞாயித்துக்கிழமை போன் வந்தா சோமாரி கக்கூஸ்ல போய் ஒளிஞ்சுக்குறாளாம். எம் புள்ளைங்க ரெண்டும் இனிமே எந்த பாஷையில பேசிக்கும்னு கேக்குறா.

கேக்க எனக்கும் ஒரு மாதிரியாத்தான் இருந்துச்சு. நான் கல் இல்லையே தம்பி. ஆனா அதுக்கு நான் என்ன பண்ண முடியும்? மூத்தவளையும் இங்க கூட்டிட்டு வா, தமிழ் செக்ஷன்ல சேத்துருவோம், ரெண்டு பேரும் தமிழ்ல பேசிக்கட்டும்னேன். நல்ல யோசனைதானே? இவ என்னையே பாத்தா. அப்புறம் சொல்றா. இவங்க ஆளுங்கள்ல பன்னெண்டாவது படிச்ச பொண்ணு ஒருத்தி இருக்காளாம், வாரத்துக்கு ரெண்டு நாள் ஸ்கூல்ல ஒரு மணி நேரம் அவ இந்தப் புள்ளைங்களுக்கு அவங்க பாஷையைச் சொல்லிக்குடுக்கட்டுமாம். ஸ்கூல்ல புள்ளைங்க பேருக்கு நேரா வீட்டுப் பாஷை குடுக்னு மாத்தணுமாம். தமிழ் வேண்டாம்னு சொல்லல, அதுவும் இருக்கட்டும், இதுவும் இருக்கட்டும்னா.

எனக்குப் பூமி நழுவுன மாதிரி ஆயிருச்சு. அடியே, அப்படி மாத்தினா தமிழ்ப் புள்ளைங்கன்னு யாருடி மிஞ்சுவா? செக்ஷனையே மூடிருவாங்களே! உங்க புள்ளைங்களுக்கும்தானே நட்டம்? மலையாளத்துல போய் முதல்ல இருந்து படிக்கணும்! நான் எத்தனை பாடுபட்டு இதைக் காப்பாத்தினேன், உனக்குத் தெரியாதா? கத்தினேன். லயமே வெளிய வந்து நிக்குது. இவ சத்தமே போடல. "நீங்க காப்பாத்துனது எங்க புள்ளைங்களை வச்சுத்தானே அக்கா?"ன்னா. நன்றி கெட்ட சனம்னு சொல்லிட்டேன். ஆமா, வாயில வந்துருச்சு. பொழைக்க வந்த இடத்துல சோறு குடுத்து, எழுத்து குடுத்து, பாஷையும் குடுத்தா, பதிலுக்கு உரிமை கேக்குறீங்களான்னேன்.

அப்ப சொன்னா தம்பி. என் கோஷத்தை. எங்கிட்டயே. ஒரு எழுத்து பிசகாம. "கொழுந்து பறிக்க எங்க கை வேணும், எங்க பாஷை மட்டும் வேண்டாமா?"ன்னு கேட்டுட்டுப் படி இறங்கிப் போயிட்டா. எப்படி இருக்கும் எனக்கு? நான் கட்டினது! நான் பக்கத்துல உக்காந்து வார்த்தை வார்த்தையாச் சொல்லிக்குடுத்தது! அதை எடுத்து எம் மூஞ்சியிலயே வீசிட்டுப் போறா. சங்கத்துல சொன்னா, ஒருத்தி சிரிக்கிறா. எஸ்தர் டீச்சர்கிட்டப் போனா, "அவங்க கேக்குறதுல தப்பில்லையேக்கா"ன்னு இழுக்குறாங்க. உங்க வேலைதான் முதல்ல போகும்னேன். "தெரியும்க்கா"ன்னாங்க. எல்லாரும் சேந்து என்னை ஆகாதவளா ஆக்கிட்டாங்க. ஒரு பொம்பளை தனியா நின்னு ஒரு பாஷையைக் காப்பாத்துறது எவ்வளவு கஷ்டம் தெரியுமா?

முந்தாநாள் தெரிஞ்சது, இவ மனு எழுதிட்டா, இன்னைக்கு ஆபீசுக்குப் போறான்னு. அப்ப நானும் ஒண்ணு எழுதணும்ல? எனக்கு நாலாம் கிளாஸ், அதுவும் மலையாளத்துல. நம்ம எழுத்தை எங்கப்பா சொல்லிக்குடுத்தாரு, படிச்சிருவேன், எழுதினா கோழி கிண்டுன மாதிரி இருக்கும். விரலும் மடங்காது, கொழுந்து கிள்ளிக் கிள்ளி. ரித்விக்கைக் கூப்பிட்டேன். "இங்கிலீஷ்ல வேணா எழுதித் தரட்டுமா ஆச்சி?"ங்குறான். தமிழுக்கு மனு, அதை இங்கிலீஷ்ல எழுதவா? மருமகளுக்குத் தமிழ் எழுத்தே தெரியாது. டீச்சரைக் கேக்க மனசு வரல. சங்கத்துல இருக்கறவளுங்க புள்ளைங்க எல்லாம் வேன்ல போறதுங்க. எங்க லயத்துல தமிழை ஒரு பிழை இல்லாம எழுதுற கை ஒண்ணே ஒண்ணுதான்.

ஆமா, அவதான். நேத்துச் சாயங்காலம் வழக்கம்போல வந்தா. அவ ஆத்தாளுக்கும் எனக்கும் பேச்சுவார்த்தை இல்லைன்னு அவளுக்குத் தெரியும். தெரிஞ்சும் வந்தா, வெந்நி போட்டா. ஒரு பேப்பர் எழுதணும் வா கண்ணுன்னேன். கையைக் கழுவிட்டு வந்து, துணியில துடைச்சுட்டு, சம்மணம் போட்டு உக்காந்தா. நான் சொல்லச் சொல்ல எழுதுறா. எனக்குப் பேச்சு வழக்கு, அவ அதை நல்ல தமிழா மாத்திக்கிட்டே போறா. நான் "எல்லாப் புள்ளைங்களும் தமிழ்ப் புள்ளைங்கதான்"னேன். அவ எழுதுறா, "எங்கள் பள்ளியின் தமிழ்ப் பிரிவில் பயிலும் குழந்தைகள் அனைவரின் தாய்மொழியும் தமிழே. வேறு மொழி அவர்களுக்குத் தேவையில்லை." எப்படி இருக்கு பாருங்க! கலெக்டர் எழுதின மாதிரி!

அந்த வரியை எழுதிட்டுப் பேனாவை வச்சுட்டா. "ஆச்சி, அனைவரும்னா நானுமா?"ன்னு கேட்டா.

ஆமா, நீயும்தான், நீதான் முதல்லன்னேன்.

எழுதின வரியை விரல் வச்சு மறுபடி ஒரு தடவை படிச்சா. அப்புறம் கேட்டா, "அப்ப புதினி?"

அவ இங்க படிக்கலையே கண்ணுன்னேன். வேற என்ன சொல்ல? அந்த நேரத்துல எனக்கு வேற ஒண்ணும் தோணல. அவ பேனாவை எடுத்து மிச்சத்தை எழுதி முடிச்சா. அழுதாளா? இல்ல, அழல. அழுதிருந்தா நானே நிறுத்தியிருப்பேன். சத்தியமா நிறுத்தியிருப்பேன் தம்பி. மூக்கை ஒரு தடவை உறிஞ்சினா, அது சளிக்கு. இந்த மலையில எந்தப் புள்ளைக்குத்தான் சளி இல்ல? பன் குடுத்தேன். நாளைக்குத் தின்னுறேன்னு மாடத்துல வச்சுட்டுப் போயிட்டா. காலையில நான் கிளம்பறப்பவும் அது அங்கயேதான் இருந்துச்சு.

இந்தாங்க, பிரிச்சுப் பாருங்க. நீங்க பேங்க்ல இருக்கறவரு, ஏதாவது பிழை இருக்கான்னு பாருங்க. இல்லைல்ல? எனக்குத் தெரியும், இருக்காது. அந்தக் கோடு பாருங்க, அடிக்கோல் வைக்காமலே நேராப் போட்டிருக்கா. சொல்லுங்க தம்பி, இப்படி எழுதுற புள்ளை தமிழ்ப் புள்ளை இல்லாம வேற யாரு? நான் எழுதினதுல என்ன பொய் இருக்கு? நீங்களும் டீச்சர் மாதிரி இழுக்காதீங்க.

பஸ் ஏன் நிக்குது? இதுதானா? வெளிய ஒரு போர்டு இருக்கு, என்ன எழுதியிருக்கு? இருங்க, அவ கூப்புடுறா. "கனியக்கா, எறங்குங்க, இதுதான் ஆபீஸ் ஸ்டாப்பு. அடுத்ததுல எறங்கினா மேடு ஏறணும், உங்களுக்கு முட்டி வலிக்கும்." கேட்டீங்களா அவ தமிழை? எல்லாம் நான் சொல்லிக்குடுத்தது. போர்டை வேற படிக்குறா, மலையாளமும் கத்துக்கிட்டா போல. வரேன்டி, வரேன், கத்தாத.

அந்தப் பேப்பரைக் குடுங்க தம்பி. ஐயோ, அப்படி இல்ல, மடிச்ச மடிப்புலயே மடிங்க. கசங்காமக் கொண்டு போய்க் குடு ஆச்சின்னு சொல்லித்தான் விட்டுச்சு அந்தப் புள்ளை.